பேர் கூப்பிடும்போது நாம் அங்கே இருக்க வேண்டும்

(கேகாலை மாவட்டத் தோட்டத் தலைவர்கள், மாதர் சங்கத் தலைவிமார் கூட்டத்தில் சங்கத்தின் மாவட்டக் காரியாலயம் சார்பில் ஆற்றிய உரை)



மழையிலும் வந்திருக்கிறீர்கள். தெரணியகலைப் பக்கத்திலிருந்து வந்தவர்கள் கரவனெல்லையில் ஒரு மணித்தியாலம் பஸ்ஸுக்கு நின்றதாகச் சொன்னார்கள். அந்த ஒரு மணித்தியாலத்துக்கும் இன்றைய பேச்சுக்கும் தொடர்பு இருக்கிறது, பிறகு சொல்கிறோம்.

சம்பளப் பேச்சுவார்த்தை பற்றிப் பேசுவோம் என்று எதிர்பார்த்து வந்திருப்பீர்கள். அது அடுத்த கூட்டத்துக்கு. இன்று பேச வேண்டியது நமது வீட்டுக்குள் நடந்த ஒரு பிழையைப் பற்றி. மறைத்து வைத்தால் இன்னொருவருக்கும் அதுவே நடக்கும் என்பதால் சபையில் வைக்கிறோம்.

நமது மாவட்டத்தில் ஒரு தோட்டம். பெயர் வேண்டாம். அங்கே 22 வருடம் கொழுந்து பறித்த ஓர் அம்மா. மலையில் வெளிக்கள உத்தியோகத்தரோடு வாய்த்தர்க்கம். அடுத்த நாள் பெரட்டுக்குப் போனபோது பேர் போடவில்லை. அதற்கடுத்த நாளும் போடவில்லை. கடிதம் கேட்டால் கடிதமும் இல்லை. பிறகு நிர்வாகம் சொன்னது: "நாங்கள் நிறுத்தவில்லை, அவராகவே வேலையை விட்டுப் போய்விட்டார்." இந்தப் பாட்டு நமக்குப் பழக்கமானதுதான். சங்கம் அவர் சார்பில் தொழில் நியாய சபைக்கு, அதாவது நாம் லேபர் கோடு என்று சொல்கிற இடத்துக்கு, விண்ணப்பம் போட்டது. காலத்துக்குள்ளேயே போட்டது. மூன்று தவணைக்கு அம்மா தவறாமல் வந்தார். ஒவ்வொரு தவணைக்கும் காலை நாலு மணிக்கு எழும்பி, இருட்டில் லயத்திலிருந்து இறங்கி, இரண்டு பஸ் மாறி வந்தார்.

நாலாவது தவணை மாறிப்போனது. புதிய திகதியை அறிவிக்கும் கடிதம் பதிவுத் தபாலில் தோட்டக் காரியாலயத்துக்கு வந்தது. அங்கே சில நாள் கிடந்து, அம்மாவின் கைக்கு வந்தது. சிங்களத்தில் இருந்தது. சிங்களம் வாசிக்கத் தெரிந்த மகன் கொழும்பில் கடை வேலையில். அவன் தீபாவளிக்கு வரும்போது காட்டலாம் என்று சாமிப் படத்துக்குப் பின்னால் செருகி வைத்துவிட்டார். அதே அறிவித்தல் நமது காரியாலயத்துக்கும் வந்தது. நமது பிரதிநிதிக்கு அன்றே இரத்தினபுரியில் இன்னொரு வழக்கு. "இது கூப்பிடும் தவணைதானே, அடுத்த திகதி கொடுப்பார்கள்" என்று நினைத்து அவர் இரத்தினபுரிக்குப் போய்விட்டார். எழுத்தில் ஒரு வரிகூட நாங்கள் சபைக்கு அனுப்பவில்லை.

பேர் கூப்பிட்டிருக்கிறார்கள். யாரும் இல்லை. தோட்டத்தின் சட்டத்தரணி இருந்தார். விண்ணப்பதாரர் தோன்றவில்லை என்று வழக்குத் தள்ளுபடியானது.

நாலு மாதம் கழித்து அந்த அம்மா காரியாலயத்துக்கு வந்து, "அடுத்த தவணை எப்போது சாமி?" என்று கேட்டபோதுதான் எங்களுக்கே தெரியும்.

மறுபடி எடுக்கச் சொல்லி மனுப் போட்டோம். சத்தியக் கடதாசி கொடுத்தோம். எதிர்த்தரப்பு கேட்டது: நாலு மாதம் என்ன செய்தீர்கள்? சங்கத்துக்கும் அறிவித்தல் கிடைத்ததா இல்லையா? நம்மிடம் பதில் இருக்கவில்லை. மனு நிராகரிக்கப்பட்டது. புதிதாக ஒரு விண்ணப்பம் போடலாம் என்றால், வேலை நிறுத்தப்பட்ட நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் போட வேண்டும் என்பது சட்டம். அது எப்போதோ முடிந்துவிட்டது. மேன்முறையீடு பற்றிச் சட்டத்தரணியிடம் கேட்டோம். அவர் பெரிய நம்பிக்கை தரவில்லை. அம்மா, "போதும், விடுங்கள்" என்றார்.

அவர் வேலையை விட்டாரா, விரட்டப்பட்டாரா என்ற கேள்வியை யாருமே விசாரிக்கவில்லை. நம்மை உறுத்துவது அதுதான். வழக்கில் தோற்றிருந்தால்கூட, என்ன நடந்தது என்று ஒருவர் கேட்டு எழுதியிருப்பார்.

இனிச் சட்டம் என்ன சொல்கிறது என்று பார்ப்போம். கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்.

தொழில் நியாய சபைகள் நமக்குச் சும்மா கிடைத்தவை அல்ல. கைத்தொழில் பிணக்குகள் சட்டம் 1950ஆம் ஆண்டின் 43ஆம் இலக்கச் சட்டம். அதில் ஒரு தனித் தொழிலாளி தானாகப் போய் முறையிட வழியிருக்கவில்லை. 1957ஆம் ஆண்டின் 62ஆம் இலக்கத் திருத்தச் சட்டத்தால்தான் தொழில் நியாய சபை வந்தது. வேலையிலிருந்து நிறுத்தப்பட்டவர் தானாகவோ, அவர் அங்கத்தவராக உள்ள சங்கம் அவர் சார்பிலோ விண்ணப்பிக்கலாம். சட்டத்தரணி கட்டாயமில்லை. சங்கப் பிரதிநிதியே எழுந்து பேசலாம். சாட்சியச் சட்டத்தின் கடுமையான விதிகள் அங்கே கட்டுப்படுத்தாது. நீதியும் நியாயமுமான கட்டளையைக் கொடுக்க வேண்டும் என்பதுதான் சபைக்குச் சட்டம் விதித்த கடமை. ஒரு பால்வெட்டும் தொழிலாளியும் கம்பனியும் ஒரே மேசைக்கு முன்னால் நிற்கிற இடம் இந்த நாட்டில் அதிகம் இல்லை. இது அப்படி ஓர் இடம்.

ஆனால் அந்த இடத்துக்கும் நாம் போய் நிற்க வேண்டும். வேலையை நிறுத்தியதை நிர்வாகம் ஒப்புக்கொண்டால், ஏன் நிறுத்தினோம் என்று அவர்கள்தான் முதலில் சாட்சி சொல்லிக் காட்ட வேண்டும். "நிறுத்தவில்லை, அவராகப் போனார்" என்று சொன்னால் பாரம் நம் தலைக்கு வருகிறது, நிறுத்தினார்கள் என்று நாம் காட்ட வேண்டும். அதனால்தான் தோட்டங்களில் இப்போது கடிதம் கொடுக்காமல் பேர் போடாமல் விடுகிறார்கள் போலும். கடிதம் கொடுத்தால் ஒப்புக்கொண்டதாகிவிடுமே! ஆகவே நாம் வராத நாளில், அந்தப் பாரத்தைத் தூக்க அங்கே ஆள் இல்லை.

மாவட்ட நீதிமன்றத்தில் இது இன்னும் தெளிவாக எழுதப்பட்டிருக்கிறது. 1889ஆம் ஆண்டின் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை. வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம், திருத்தித் திருத்தி இன்றும் நடக்கிறது. அதில் 87ஆம் பிரிவு, வழக்குப் போட்டவர் வராவிட்டால் என்ன என்பதைச் சொல்கிறது: வழக்கு தள்ளுபடி, அதே காரணத்துக்காக மறுபடி புது வழக்குப் போடவும் முடியாது. ஒரே ஒரு கதவு திறந்திருக்கிறது. நியாயமான காலத்துக்குள், சத்தியக் கடதாசியோடு மனுக் கொடுத்து, வராததற்கு நியாயமான காரணம் இருந்தது என்று நீதிமன்றத்தைத் திருப்திப்படுத்தினால் தள்ளுபடியை நீக்குவார்கள். எதிராளி வராவிட்டால் ஒருதலைப்பட்ச விசாரணை நடத்தித் தீர்ப்புக் கொடுப்பார்கள். அந்தத் தீர்ப்பின் பிரதி கையில் கிடைத்து 14 நாளுக்குள் எதிராளி வந்து காரணம் காட்ட வேண்டும். 15ஆவது நாள் அழுது பயனில்லை. தவறியதால் வந்த அந்தத் தீர்ப்பை எதிர்த்து நேராக மேன்முறையீடும் செய்ய முடியாது. முதலில் அதே நீதிமன்றத்தில் காரணம் காட்டி, அதை அவர்கள் மறுத்தால்தான் மேலே போகலாம். இந்தியாவிலும் ஏறக்குறைய இப்படித்தான், 1908ஆம் ஆண்டுக் கோவையில் ஒன்பதாவது கட்டளை என்று வைத்திருக்கிறார்கள். ஒரே தச்சன் செய்த கதவுகள்.

"நமக்கும் மாவட்ட நீதிமன்றத்துக்கும் என்ன?" என்று பின்வரிசையில் ஒரு தோழர் கேட்பது தெரிகிறது. முச்சக்கரவண்டி லீசிங் எடுத்தவர் இங்கே எத்தனை பேர்? கை தூக்க வேண்டாம். குழுக் கடனுக்குக் கையெழுத்துப் போட்ட சகோதரிகள் எத்தனை பேர்? வங்கியும் கடன் கம்பனியும் வழக்குப் போட 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடன் அறவிடல் விசேட ஏற்பாடுகள் சட்டம் என்று ஒன்று இருக்கிறது. அந்தச் சட்டத்தில் வரும் வழக்கு சாதாரண வழக்குப் போல இல்லை. நீதிமன்றம் முதலிலேயே ஒரு நிபந்தனைத் தீர்ப்பை எழுதி, "இந்தத் திகதிக்கு வந்து, இது ஏன் இறுதியாகக் கூடாது என்று காரணம் காட்டு" என்று அனுப்பும். அந்த நாளில் நீங்கள் வீட்டில் இருந்தால் அது இறுதியாகிவிடும். கட்டிய தவணைப் பணம் கணக்கில் சேரவில்லை, வட்டி கூடப் போட்டிருக்கிறார்கள் என்று பற்றுச்சீட்டை வைத்துக்கொண்டு நீங்கள் பிறகு புலம்பினால் கேட்க ஆள் இல்லை. அழைப்பாணையை வாங்காமல் ஒளிந்தால் வழக்கு நடக்காது என்று லயத்தில் ஒரு கதை உலாவுகிறது. அது பொய்க் கதை. வீட்டுக் கதவில் ஒட்டிவிட்டும் போவார்கள், வழக்கும் நடக்கும்.

இப்போது கொஞ்சம் பின்னால் போவோம். வராமல் போனதால் நம் மக்கள் இழந்தது ஒரு அம்மாவின் வேலையை மட்டும் அல்ல.

1948இல் பிரஜாவுரிமைச் சட்டம் நம்மை நாடற்றவர்களாக்கியது எல்லோருக்கும் தெரியும். அதற்கடுத்த ஆண்டு, 1949ஆம் ஆண்டின் 3ஆம் இலக்க இந்திய பாகிஸ்தானிய வதிவோர் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. விண்ணப்பிக்க இரண்டு வருடம், 1951 ஓகஸ்ட் 5ஆம் திகதி வரை. கலியாணம் முடித்தவர் 1946 ஜனவரி 1க்கு முன் ஏழு வருடமும், முடிக்காதவர் பத்து வருடமும் விடாமல் இங்கே இருந்ததைக் காட்ட வேண்டும். இலங்கை இந்தியக் காங்கிரஸ் ஆரம்பத்தில் அந்தச் சட்டத்தைப் பகிஷ்கரித்தது. பிறகு மனம் மாறி விண்ணப்பிக்கச் சொன்னது. கடைசி மாதங்களில் விழுந்தடித்து நிரப்பினார்கள். எட்டு இலட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்காக விண்ணப்பம் போனது. கிடைத்தது ஏறக்குறைய ஒரு இலட்சத்து 34 ஆயிரம் பேருக்கு.

மற்றவர்களுக்கு ஏன் கிடைக்கவில்லை? சட்டமே கிடைக்காதபடி எழுதப்பட்டது என்பது முதல் காரணம், அதை யாரும் மறக்க வேண்டாம். ஆனால் நடைமுறையில் கதவு மூடிய விதத்தைப் பாருங்கள். உன் விண்ணப்பத்தில் குறை இருக்கிறது என்று ஆணையாளர் ஓர் அறிவித்தல் அனுப்புவார். மூன்று மாதத்துக்குள் காரணம் காட்ட வேண்டும். காட்டாவிட்டால் நிராகரிப்பு. அறிவித்தல் யாருக்கு வந்தது? எழுத்து வாசனை இல்லாத நம் தாத்தா பாட்டிக்கு. எங்கே வந்தது? லயத்துக்கு ஏது விலாசம்? தோட்டத்து முகவரிக்கு. என்ன பாஷையில் வந்தது? ஆள் தோட்டம் மாறிப் போயிருந்தால்? கங்காணி கொடுக்க மறந்திருந்தால்? விசாரணை நாளன்று துரை லீவு கொடுக்காவிட்டால்? பிறகு 1964 ஒக்டோபர் 30இல் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தில் 9 இலட்சத்து 75 ஆயிரம் பேரைக் கணக்குப் பிரித்தபோது, அந்தக் கணக்கில் இருந்தவர்களில் எத்தனையோ குடும்பம் இப்படிப் பதில் போகாத குடும்பம். 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் வரும்வரை அந்தக் காயம் ஆறவில்லை.

இதே மாவட்டத்தில் இன்னொரு கதையும் உண்டு. பள்ளிக்கூடப் புத்தகத்தில் இல்லாததால் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். ருவன்வெல்லைத் தேர்தல் தொகுதி. கோடக்கன் பிள்ளை என்ற இந்திய வம்சாவளித் தமிழர் தனது பெயரை வாக்காளர் இடாப்பில் சேர்க்கச் சொல்லி விண்ணப்பித்தார். பிரஜை இல்லை என்று மறுத்தார்கள். அவர் விடவில்லை, மீளாய்வு அதிகாரியிடம் போனார். அந்த அதிகாரி சிவஞானசுந்தரம், பிரஜாவுரிமைச் சட்டமும் தேர்தல் திருத்தச் சட்டமும் சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவுக்கு முரணானவை, செல்லாது என்று தீர்த்தார். நினைத்துப் பாருங்கள், ஒரு வாக்காளர் இடாப்பு விசாரணையில்! அரசாங்கத் தரப்பு விடுமா? 1951இல் உயர் நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நீக்கியது. கோடக்கன் பிள்ளை இலண்டன் பிரிவிக் கவுன்சில் வரைக்கும் போனார். 1953இல் அங்கேயும் தோற்றார்.

தோற்றார்தான். ஆனால் ருவன்வெல்லையில், கொழும்பில், இலண்டனில், கூப்பிட்ட இடத்திலெல்லாம் அவர் தரப்பு எழுந்து நின்றது. நம்மை வெளியே தள்ளியது ஏன் சரி என்று நீதியரசர்கள் காரணம் எழுத வேண்டி வந்தது. அந்தக் காரணத்தைச் சட்டம் படிக்கிறவர்கள் இன்றைக்கும் எடுத்து வைத்து விமர்சிக்கிறார்கள். நமது அம்மாவின் வழக்கேட்டில் விமர்சிக்க ஒன்றும் இல்லை. "தோன்றவில்லை" என்று ஒரு சொல்தான் இருக்கிறது.

சரி, நடைமுறைக்கு வருவோம். இங்கேதான் தலைவர்மாரும் தலைவிமாரும் குறித்துக்கொள்ள வேண்டும்.

முதல் பிரச்சினை கடிதம். லயக் காம்பராவுக்கு இலக்கம் இல்லை, வீதிப் பெயர் இல்லை. எல்லாம் தோட்டக் காரியாலயத்துக்குத்தான் வருகிறது. வழக்கு தோட்டத்துக்கு எதிராக, வழக்குக் கடிதம் அதே தோட்டத்தின் கைவழியாக! ஆகவே இனிமேல் எந்த விண்ணப்பத்திலும் அங்கத்தவரின் முகவரியோடு சங்கக் காரியாலய முகவரியையும் போடுவோம். முகவரி மாறினால், பிள்ளையோடு வேறு இடத்துக்குப் போனால், சபைக்கு எழுத்தில் அறிவிக்க வேண்டும். சிங்களத்தில் எந்தக் கடிதம் வந்தாலும், சாமிப் படத்துக்குப் பின்னால் வைக்க வேண்டாம். அன்றைக்கே தலைவரிடம் கொண்டு போங்கள். தலைவருக்கும் வாசிக்கத் தெரியாவிட்டால் போனில் படம் பிடித்து எங்களுக்கு அனுப்புங்கள். இப்போது எந்த லயத்தில்தான் ஒரு பையனிடம் போன் இல்லை?

இரண்டாவது, பாஷை. கேகாலை நீதிமன்றங்களில் நடவடிக்கை சிங்களத்தில் நடக்கும். ஆனால் அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை, சிங்களம் விளங்காத கட்சிக்காரருக்கு உரைபெயர்ப்பைக் கேட்கும் உரிமை கொடுக்கிறது, செலவு அரசாங்கத்தினுடையது. தமிழிலேயே ஆவணம் கொடுக்கவும் உரிமை இருக்கிறது. வெட்கப்பட்டுத் தலையாட்ட வேண்டாம். "எனக்கு விளங்கவில்லை, மொழிபெயர்ப்பாளர் வேண்டும்" என்று சொல்லுங்கள். அடுத்த திகதியை அங்கேயே கேட்டு, கடதாசியில் எழுதி வாங்கிக்கொண்டு வெளியே வாருங்கள். காதால் கேட்ட திகதியை நம்பி 17க்கும் 27க்கும் மாறிப்போன வழக்கு நம்மிடம் இருக்கிறது.

மூன்றாவது, சிரிக்காதீர்கள், பேர். பிறப்புச் சான்றிதழில் ஒரு பேர், செக்ரோலில் ஒரு பேர், அடையாள அட்டையில் ஒரு பேர், லயத்தில் கூப்பிடுவது இன்னொன்று. நீதிமன்றத்தில் நம் பேரைச் சிங்கள நாக்கு கூப்பிடும்போது, அப்பன் வைத்த பேரே நமக்கு அடையாளம் தெரியாது. மரத்தடியில் வெற்றிலை போட்டுக்கொண்டிருந்த ஒருவரின் பேரை மூன்று தரம் கூப்பிட்டுவிட்டார்கள், அவர் யாரோ பாவம் வரவில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தார். ஆகவே காலையில் போனதும் எழுதுவினைஞரிடம் போய், "நான் வந்திருக்கிறேன்" என்று பேரைச் சொல்லுங்கள். வெளியே உட்கார வேண்டாம். பேர் கேட்டதும் "இன்னவா" என்றாலும் சரி, "இருக்கிறேன்" என்றாலும் சரி, சத்தமாகச் சொல்லுங்கள். பெரட்டுக் களத்தில் பேர் கூப்பிடும்போது இல்லாதவருக்கு அரைப் பேர்கூட விழாது என்பது நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அதே பழக்கத்தை இங்கேயும் கொண்டு வாருங்கள்.

நாலாவது, அந்த ஒரு மணித்தியால பஸ். மேல் பிரிவிலிருந்து வருகிறவருக்கு முதல் பஸ்ஸைத் தவறவிட்டால் வழக்குத் தவறும். தவணைக்கு முதல் நாளே கேகாலைக்கோ அவிசாவளைக்கோ சொந்தக்காரர் வீட்டுக்கு வந்து தங்க முடிந்தால் தங்குங்கள். ஒரு நாள் பேர் போவது கஷ்டம்தான், பஸ் காசும் கஷ்டம்தான். பஸ் காசுக்குக் காரியாலயத்தில் ஒரு சிறு நிதி ஒதுக்கியிருக்கிறோம். சந்தாப் பணம் அதற்குத்தான், கேட்டு வாங்குங்கள்.

உண்மையிலேயே வர முடியாத நாளும் உண்டு. 2016 மே 17 அன்று அரநாயக்கவில் சாமசர மலை சரிந்தபோது இந்த மாவட்டத்தில் எந்தப் பாதை திறந்திருந்தது? அப்படி ஒரு நாள் வந்தால், பாதை அடைபட்டது என்று கிராம உத்தியோகத்தரிடம் கடிதம் வாங்குங்கள். சுகமில்லை என்றால் தோட்டத்து டிஸ்பென்சரித் துண்டு போதாது என்று எதிர்த்தரப்புச் சட்டத்தரணி சொல்வார். அரசாங்க ஆஸ்பத்திரி மெடிக்கல், வாட்டில் நின்றிருந்தால் டயக்னோசிஸ் காட், இரண்டும் பத்திரம். எல்லாவற்றுக்கும் மேல், அன்று காலையிலேயே ஒரு போன். நமது பிரதிநிதி எழுந்து நின்று காரணத்தைச் சொன்னால், அனேகமாக வேறு திகதி கிடைக்கும். தவறிப் போனால் அடுத்த நாளே வாருங்கள். நாலு மாதம் கழித்து வராதீர்கள்.

பிரதிநிதி செய்த பிழைக்கு அங்கத்தவர் ஏன் தண்டனை அனுபவிக்க வேண்டும் என்று ஒரு தலைவி போன கூட்டத்தில் கேட்டார். நல்ல கேள்வி. 1991ஆம் ஆண்டு இலங்கைச் சட்ட அறிக்கைகளில் பதிவான ஒரு வழக்கில் நீதியரசர்கள் இதை அலசியிருக்கிறார்கள். தெரியாத்தனமான தவறு வேறு, அசட்டை வேறு என்று பிரித்தார்கள். தவறை மன்னிக்கலாம், அசட்டைக்கு மன்னிப்பில்லை. சட்டத்தரணியின் அசட்டையால் தவறியிருந்தால், கட்சிக்காரர் தன் பங்குக்குக் கவனமாக நடந்தார் என்று காட்ட வேண்டும். அவரும் அசட்டையாக இருந்திருந்தால் சட்டத்தரணியின் பிழை அவர் தலையிலும் விழும். ஆகவே "சங்கம் பார்த்துக்கொள்ளும்" என்று நீங்கள் வீட்டில் இருக்கவும் முடியாது, "அங்கத்தவர் வருவார்" என்று நாங்கள் வேறு ஊருக்குப் போகவும் முடியாது.

எங்கள் பக்கம் என்ன மாற்றினோம் என்பதையும் கேளுங்கள், கணக்குக் கேட்க உங்களுக்கு உரிமை உண்டு. காரியாலயத்தில் ஒரு தவணைப் புத்தகம் திறந்திருக்கிறோம். ஒவ்வொரு வழக்குக்கும் இரண்டு பிரதிநிதிகளின் பேர் எழுதப்பட்டிருக்கும், ஒருவர் இரத்தினபுரிக்குப் போனால் மற்றவர் இங்கே நிற்பார். தவணைக்கு மூன்று நாள் முன் தோட்டத் தலைவருக்கு அழைப்பு வரும். அந்த மாதத்துத் தவணைத் திகதிகளை எழுதிப் பிள்ளைமடுவத்துச் சுவரில் ஒட்டத் தலைவிமார் ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். வழக்கு இரகசியம் அல்ல, அண்டை வீட்டுக்காரர் ஞாபகப்படுத்தட்டும். குடும்பத் தாபரிப்பு போன்ற வழக்குகளுக்கு மட்டும் பேர் போடாமல் திகதியை மட்டும் போடுவோம். சங்கம் ஏற்று நடத்தாத வழக்குகளுக்கு, வசதி இல்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவுக்குப் போகலாம். 1978ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டத்தால் அமைந்தது அது. கடிதம் எழுதித் தருகிறோம்.

நிர்வாகத் தரப்பு வராவிட்டால்? அன்றைக்கே வென்றுவிட்டோம் என்று பட்டாசு கொளுத்த வேண்டாம். ஒருதலைப்பட்சமாக விசாரிக்கும்போதும் நாம் சாட்சி சொல்ல வேண்டும். பிறகு அவர்களும் காரணம் காட்டி மறுபடி திறக்கப் பார்க்கலாம். சும்மா சும்மா திகதி கேட்டு இழுத்தால், நமது பிரதிநிதி எதிர்ப்பைப் பதிவு செய்து செலவுத்தொகை கேட்க வேண்டும். இதுவரை நாங்கள் அதைக் கேட்கக் கூச்சப்பட்டிருக்கிறோம்.

அந்த அம்மாவைப் பற்றி ஒன்று சொல்ல விட்டுப்போனது. வழக்கு தள்ளுபடியானால் எல்லாமே போயிற்று என்று அவர் நினைத்துவிட்டார். அப்படி இல்லை. ஊழியர் சேமலாப நிதியும் நம்பிக்கை நிதியும் அவர் உழைத்த காசு, அதற்கும் இந்தத் தள்ளுபடிக்கும் தொடர்பில்லை. 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டப்படி ஐந்து வருடத்துக்கு மேல் வேலை செய்த நாட்சம்பளக்காரருக்கு, வருடத்துக்கு 14 நாள் சம்பளம் சேவைக்காலப் பணம். 22 வருடத்துக்கு 308 நாள் சம்பளம். வேலை முடிந்து 30 நாளுக்குள் கொடுத்திருக்க வேண்டும். நிர்வாகம் வாய் திறக்கவில்லை. நாமும் வழக்கையே பார்த்துக்கொண்டு அதைக் கேட்காமல் இருந்துவிட்டோம். இப்போது தொழில் திணைக்களத்தில் முறைப்பாடு கொடுத்திருக்கிறோம். விசாரணைக்கு அம்மாவோடு இரண்டு பேர் போனோம். வேலை திரும்பக் கிடைக்காது, அந்தப் பணத்தையாவது வாங்கிக் கொடுப்பது எங்கள் கடன்.

இன்னொரு தோழர் இங்கேயே உட்கார்ந்திருக்கிறார், அவர் சம்மதத்தோடு சொல்கிறோம். பால்வெட்டும் தொழிலாளி. ஒட்டுப்பால் களவு என்று சொல்லி நிறுத்தப்பட்டவர். அவருடைய தவணை நாள் விடியற்காலையில் மகளுக்குப் பிரசவ வலி எடுத்து, வாகனம் பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போனார். போன் செய்ய நினைவில்லை, யாருக்குத்தான் இருக்கும்? அந்த வழக்கிலும் எங்கள் ஆள் பிந்திப் போய்ச் சேர்ந்தார், பேர் கூப்பிட்டு முடிந்துவிட்டது. ஆனால் தோழர் மறுநாள் காலையிலேயே பேரப்பிள்ளை பிறந்த சந்தோஷத்தோடும் ஆஸ்பத்திரிக் கடதாசியோடும் காரியாலய வாசலில் நின்றார். ஒரு கிழமைக்குள் சத்தியக் கடதாசியோடு மனுப் போனது. சபை ஏற்றுக்கொண்டது. வழக்கு மறுபடி நடக்கிறது.

அடுத்த மாதம் அவருக்கு விசாரணைத் தவணை. அன்று தோட்டத்துக் காவல்காரர் சாட்சி சொல்ல வருகிறார். நமது தரப்பில் இரண்டு சாட்சிகள் வேண்டும், அதே மலையில் பால் வெட்டியவர்கள். யார் வருகிறீர்கள் என்று கூட்டம் முடிந்து போகுமுன் பேர் கொடுங்கள். கரவனெல்லையில் காலை ஆறு மணிக்கெல்லாம் நில்லுங்கள், நாங்களும் அங்கிருந்துதான் ஏறுகிறோம்.